47 சதவீதம்: ஒரு கருத்து கணிப்பாக மாறிய கதை

வேலை, எதிர்காலம், ஏ.ஐ. என்று யார் பேச ஆரம்பித்தாலும் ஏதோ ஒரு கட்டத்தில் அந்த எண் வந்துவிடும். அமெரிக்காவில் 47 சதவீத வேலைகள் இயந்திரத்திடம் போகும் அபாயத்தில் இருக்கின்றன என்பார்கள். மேடையில் சொல்வார்கள், எச்.ஆர். ஆட்களின் ஸ்லைடில் இருக்கும், பத்திரிகைக் கட்டுரையின் முதல் பத்தியில் இருக்கும். அதை மேற்கோள் காட்டியவர்கள் ஆயிரக்கணக்கில். அது எப்படிக் கணக்கிடப்பட்டது என்று போய்ப் பார்த்தவர்கள் கம்மி.

2013 செப்டம்பரில் ஆக்ஸ்ஃபோர்டிலிருந்து வெளிவந்த ஓர் ஆய்வறிக்கை அது. எழுதியவர்கள் இரண்டு பேர். கார்ல் பெனடிக்ட் ஃப்ரே பொருளாதாரக்காரர், மைக்கேல் ஆஸ்போர்ன் மெஷின் லேர்னிங் ஆள். "வேலைவாய்ப்பின் எதிர்காலம்" என்பது தலைப்பு. 2017இல் ஓர் ஆய்விதழிலும் வந்தது.

பத்து வருஷத்துக்கு மேல் ஆன ஒரு கட்டுரையை இப்போது ஏன் தோண்ட வேண்டும்? காரணம் இருக்கிறது. இன்னும் மூன்று வருஷத்தில் உங்களுக்கு எத்தனை ஆள், எந்தத் திறமையோடு வேண்டும் என்பதை ஏ.ஐ. சொல்லிவிடும் என்று இன்று கம்பெனிகளுக்கு மென்பொருள் விற்கிறார்கள். மேன்பவர் பிளானிங் என்ற பழைய சங்கதிதான், புதுச் சட்டை போட்டு வந்திருக்கிறது. மெஷின் லேர்னிங்கை வைத்து ஒரு நாட்டின் மொத்த வேலைச் சந்தையையும் அளந்த முதல் பிரபலமான முயற்சி இந்த 2013 ஆய்வு. அதன் உள்வேலை முழுக்கத் திறந்து கிடக்கிறது. இன்றைய மென்பொருள்களின் உள்வேலை அப்படி இல்லை. அதனால் இந்த வகைக் கணக்கு எங்கே சறுக்கும் என்று தெரிந்துகொள்ள இதைவிட நல்ல பாடம் கிடைக்காது.

என் வாதத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அந்த ஆய்வில் இருந்த இயந்திரம் எதிர்காலத்தைக் கணிக்கவே இல்லை. ஓர் அறையில் கூடிய சில நிபுணர்களின் கருத்தை எடுத்து, அதை 702 தொழில்களுக்கு இழுத்து நீட்டிக் கொடுத்தது. கருத்து சொல்வதில் தப்பில்லை. ஆனால் அது தசம எண்ணாக மாறிய பிறகு, கருத்து என்பது எல்லோருக்கும் மறந்துபோனது.

எப்படிச் செய்தார்கள்

அமெரிக்கத் தொழிலாளர் துறையிடம் ஓ-நெட் என்று ஒரு தரவுத்தளம் இருக்கிறது. நூற்றுக்கணக்கான தொழில்களைப் பற்றி, அந்த வேலைக்கு என்னென்ன திறமை வேண்டும், எந்தத் திறமை எவ்வளவு முக்கியம் என்று மதிப்பெண் போட்டு வைத்திருக்கும். ஃப்ரேயும் ஆஸ்போர்னும் அதிலிருந்து 702 தொழில்களை எடுத்துக்கொண்டார்கள்.

அடுத்த படிதான் முக்கியம். 702இல் 70 தொழில்களை மட்டும் தேர்ந்தெடுத்து, ஒவ்வொன்றுக்கும் கையால் 1 அல்லது 0 போட்டார்கள். தேவையான தரவு எல்லாம் கிடைக்கிறது என்று வைத்துக்கொண்டால், இந்த வேலையின் பணிகளை இன்றைய உயர்ந்த தரக் கணினிக் கருவிகளால் செய்ய முடியுமா? முடியும் என்றால் 1, முடியாது என்றால் 0. இதைப் போட்டது ஆய்வாளர்களும், ஆக்ஸ்ஃபோர்டில் நடந்த ஒரு பட்டறைக்கு வந்திருந்த மெஷின் லேர்னிங் ஆய்வாளர்களும். தங்களுக்கு நல்ல தெளிவு இருந்த தொழில்களுக்கு மட்டுமே மதிப்புப் போட்டதாகவும் சொல்கிறார்கள்.

பிறகு ஓ-நெட்டில் இருந்து ஒன்பது அளவுகளை எடுத்தார்கள். விரல் நயம், கை நயம், இடுக்கான இடத்தில் வேலை செய்வது ஆகிய மூன்றும் உடல் சார்ந்தவை. சொந்தமாகச் சிந்திப்பதும் கலையறிவும் படைப்பு சார்ந்தவை. மற்றவர் மனநிலையைப் புரிந்துகொள்வது, பேரம் பேசுவது, இணங்க வைப்பது, பிறரைக் கவனித்துக்கொள்வது ஆகியவை மனிதரோடு பழகுவது சார்ந்தவை. இந்த மூன்று வகையிலும் இயந்திரம் தடுமாறும் என்பது அவர்களுடைய அடிப்படை அனுமானம்.

70 தொழில்களின் ஒன்றையும் பூஜ்யத்தையும், இந்த ஒன்பது அளவுகளையும் காஸியன் பிராசஸ் என்ற முறைக்குக் கொடுத்துப் பழக்கினார்கள். அது 702 தொழில்களுக்கும் பூஜ்யத்துக்கும் ஒன்றுக்கும் இடையில் ஒரு நிகழ்தகவைக் கொடுத்தது. 0.7க்கு மேல் வந்தவை அதிக அபாயம். அவற்றில் எத்தனை பேர் வேலை பார்க்கிறார்கள் என்று கூட்டினால், அமெரிக்க வேலைகளில் 47 சதவீதம். நடுத்தர அபாயம் 19 சதவீதம், குறைந்த அபாயம் 33 சதவீதம்.

இவ்வளவுதான் கதை. இதில் எந்த ஆண்டின் வேலை இழப்புத் தரவும் கிடையாது. எந்த ஆபீஸ் எந்த மெஷினை வாங்கியது என்ற தகவல் கிடையாது. சம்பளமும் மெஷின் விலையும் கணக்குக்குள் வரவில்லை. எப்போது நடக்கும் என்பதற்கு "ஒன்றிரண்டு பத்தாண்டுகள் ஆகலாம்" என்ற அளவில் ஒரு பொதுவான பேச்சுதான்.

தானே கேள்வி, தானே விடை

மாடல் எவ்வளவு துல்லியம் என்று சோதித்தார்களா? சோதித்தார்கள். ஒன்றுக்குச் சுமார் 0.9 என்று வந்தது. இந்தத் துறையில் இது நல்ல மதிப்பெண். அறிக்கையைப் புரட்டுகிறவர் இங்கே திருப்தியாகிவிடுவார்.

கொஞ்சம் நின்று யோசிப்போம். எதோடு ஒப்பிட்டு 0.9? 70 தொழில்களில் சிலவற்றின் விடையை மறைத்து வைத்து, மாடல் அதைச் சரியாகச் சொல்கிறதா என்று பார்த்தார்கள். விடை என்பது அந்த அறையில் இருந்தவர்கள் போட்ட ஒன்றும் பூஜ்யமும். ஆக 0.9 என்பது, நிபுணர்களின் கருத்தை மாடல் எவ்வளவு நன்றாகப் பின்பற்றுகிறது என்பதற்கான மதிப்பெண். உலகத்தில் அது நடக்குமா என்பதற்கான மதிப்பெண் இல்லை. வாத்தியாரே கேள்வித்தாள் எழுதி, விடையையும் எழுதி, அந்த விடையை மனப்பாடம் செய்த பையனுக்கு நூற்றுக்குத் தொண்ணூறு போட்டால், பையன் வாத்தியார் சொன்னதைக் கேட்கிறான் என்று தெரியும். வாத்தியார் சொன்னது சரியா என்று தெரியாது.

இது ஏமாற்று வேலை இல்லை. செய்ததை எல்லாம் ஆய்வாளர்களே எழுதி வைத்திருக்கிறார்கள். நடக்காத எதிர்காலத்தோடு எதையும் ஒப்பிட முடியாது என்பதால் வேறு வழியும் இல்லை. ஆனால் ஹோட்டல் சமையல்காரர் 0.96, கணக்காளரும் ஆடிட்டரும் 0.94, விளம்பர மாடல் 0.98 என்று இரண்டு தசமத்தில் அச்சிட்டதும், படிக்கிறவர் கண்ணுக்கு அது மழை நிலவரம் மாதிரித் தெரிந்துவிடுகிறது. இதையே "நாங்கள் பத்துப் பதினைந்து பேர் உட்கார்ந்து பேசினோம், சமையல் வேலையை மெஷின் செய்யும் என்று தோன்றியது" என்று எழுதியிருந்தால் யார் ஸ்லைடில் போட்டிருப்பார்கள்?

முடியும் வேறு, நடக்கும் வேறு

ஃப்ரேயும் ஆஸ்போர்னும் பிற்பாடு பல முறை விளக்கம் சொன்னார்கள். 47 சதவீத வேலை போய்விடும் என்று நாங்கள் சொல்லவில்லை, தொழில்நுட்ப ரீதியாக முடியும் என்பதை மட்டும்தான் மதிப்பிட்டோம் என்றார்கள். நியாயமான விளக்கம். அறிக்கையிலும் இந்த எச்சரிக்கை இருக்கிறது. ஆனால் திட்டம் போடுகிறவனுக்கு "முடியும்" என்பது எதற்கு உதவும்? அவனுக்குத் தெரிய வேண்டியது நடக்குமா, எப்போது, எந்த அளவில் என்பதுதான்.

நம்மூர் உதாரணம் ஒன்று. கம்பைன் ஹார்வெஸ்டர் என்ற நெல் அறுவடை இயந்திரம் உலகத்துக்கு நேற்று வந்ததில்லை. "முடியுமா" என்ற கேள்விக்கு எப்போதோ பதில் கிடைத்துவிட்டது. ஆனால் காவிரி டெல்டாவில் அது பரவலானது ரொம்பப் பிற்பாடுதான். அறுப்புக்கு ஆள் கிடைக்காமல் போனது, கூலி ஏறியது, மெஷினைச் சொந்தமாக வாங்காமல் மணிக்கணக்கு வாடகைக்கு எடுக்க வழி வந்தது. எல்லாம் கூடி வந்தபோது மெஷின் வயலில் இறங்கியது. மழை பெய்து சேறாகக் கிடந்தால் அதற்கென்று வேறு வகை மெஷின் வேண்டும், வாடகையும் கூடும். விவசாயி ஒவ்வொரு பருவத்திலும் போடுகிற இந்தக் கணக்கில் தொழில்நுட்பம் ஒரு வரி. அந்த ஒரு வரியை மட்டும் வைத்து டெல்டாவுக்கு இருபது வருஷ ஆள் திட்டம் போட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும்?

0.94 வாங்கிய கணக்காளர் கதையும் அப்படித்தான். பத்து வருஷம் கழித்து அமெரிக்காவில் கணக்காளர் சங்கங்களும் நிறுவனங்களும் புலம்பியது ஆள் பற்றாக்குறையைப் பற்றி. அந்தப் படிப்புக்குப் பிள்ளைகள் வருவது குறைந்தது என்று கவலைப்பட்டார்கள். சமையல்காரர்களையும் ஹோட்டல்கள் தேடித்தான் அலைந்தன. மறுபக்கம், 0.99 வாங்கிய டெலிமார்க்கெட்டிங் வேலை நிஜமாகவே தேய்ந்துவிட்டது. சரியானதும் உண்டு, தவறானதும் உண்டு. எது எந்தப் பக்கம் விழும் என்று முன்கூட்டியே அந்த எண்ணில் தெரியவில்லை. திட்டமிடுகிறவருக்கு அதுதானே வேண்டும்?

மறுப்பும் அதே அடித்தளத்தில்

2016இல் ஓ.இ.சி.டி. அமைப்புக்காக ஆர்ன்ட்ஸ், கிரெகரி, சியரான் ஆகிய மூன்று பேர் ஒரு மறுப்பு எழுதினார்கள். ஒரு தொழில் முழுக்கப் போகும் அல்லது முழுக்க இருக்கும் என்று பார்ப்பது தப்பு என்றார்கள். ஒரே பதவிப் பெயர் உள்ள இரண்டு பேர் ஒரே வேலையைச் செய்வதில்லை. ஒரு கணக்கர் நாள் முழுக்க எண்ணைத் தட்டிக்கொண்டிருப்பார், இன்னொரு கணக்கர் பாதி நாள் வாடிக்கையாளரோடு பேசிக்கொண்டிருப்பார். ஆளாளுக்குச் செய்கிற பணிகளை வைத்துக் கணக்கிட்டதில், 21 நாடுகளில் சராசரியாக 9 சதவீத வேலைகள்தான் அதிக அபாயத்தில் என்று வந்தது. அமெரிக்காவுக்கும் 9 சதவீதம்தான்.

47 எங்கே, 9 எங்கே! ஒரே நாடு, ஏறக்குறைய ஒரே காலம். அளக்கும் அலகை மாற்றியதும் ஐந்து மடங்கு வித்தியாசம். இந்த ஒரு விஷயமே போதும், இரண்டு எண்ணையும் கையில் வைத்துக்கொண்டு யாரும் கல்லூரி சீட் எண்ணிக்கையை முடிவு செய்யக் கூடாது என்று சொல்ல.

இதில் பெரும்பாலோர் கவனிக்காத ஒரு விஷயம் உண்டு. 9 சதவீதம் சொன்ன ஆய்வும், எந்தப் பணி தானியங்கி ஆகும் என்பதை ஃப்ரேயும் ஆஸ்போர்னும் கொடுத்த நிகழ்தகவுகளில் இருந்துதான் கற்றுக்கொண்டது. அதாவது, மறுப்பும் அந்த 70 ஒன்று-பூஜ்யங்களின் மேல்தான் நிற்கிறது. புதுச் சுவர் எழுப்பினார்கள், அஸ்திவாரம் பழையதுதான்.

எண் இந்தியாவுக்கு வந்தது

2016ஆம் ஆண்டின் உலக வளர்ச்சி அறிக்கையில் உலக வங்கி இந்த முறையை வளரும் நாடுகளுக்கு நீட்டியது. அந்த வருஷம் அக்டோபரில் வங்கியின் தலைவராக இருந்த ஜிம் யோங் கிம் ஓர் உரையில் சொன்ன எண்கள் நம் பத்திரிகைகளில் தலைப்பாயின: இந்தியாவில் 69 சதவீதம், சீனாவில் 77, எத்தியோப்பியாவில் 85.

அறிக்கையில் இன்னொரு வரிசையும் இருந்தது. ஏழை நாடுகளில் தொழில்நுட்பம் மெதுவாகத்தான் பரவும், கூலியும் குறைவு என்பதைக் கணக்கில் எடுத்துத் திருத்திய எண்கள் அவை. இந்தியாவுக்கான எண் அதில் கணிசமாகக் குறைகிறது. தலைப்புச் செய்திக்கு வந்தது 69 மட்டும்.

அந்த 69 வந்த பாதையைப் பாருங்கள். ஆக்ஸ்ஃபோர்டில் சிலர் அமெரிக்கத் தொழில் விவரணைகளைப் படித்து ஒன்று-பூஜ்யம் போட்டார்கள். மாடல் அதை 702 அமெரிக்கத் தொழில்களுக்கு நீட்டியது. அந்தத் தொழில்களைச் சர்வதேசத் தொழில் குறியீடுகளோடு பொருத்தி, இந்தியாவில் அந்தக் குறியீட்டில் எத்தனை பேர் என்று பெருக்கினார்கள். அமெரிக்கப் பட்டியலில் தையல் மெஷின் ஓட்டுபவருக்கு 0.89. திருப்பூரில் தைப்பவரும் அதே குறியீட்டின் கீழ் வருவார். ஆனால் திருப்பூரில் ஆர்டர் வந்தால் ஆள் சேர்ப்பதும், ஆர்டர் நின்றால் ஆளைக் குறைப்பதும், வடமாநிலத் தொழிலாளர்களை ஏஜென்ட் மூலம் கூட்டி வருவதும், பீஸ் ரேட்டில் கூலி பேசுவதும் எந்தக் குறியீட்டில் இருக்கிறது? அங்கே ஒருவர் வேலை இழப்பது பெரும்பாலும் ரோபோவால் இல்லை. பருத்தி நூல் விலை ஏறுவதாலும், வெளிநாட்டு வரி மாறுவதாலும், ஆர்டர் வங்கதேசத்துக்குப் போவதாலும்.

இந்தியாவில் உழைப்பவர்களில் பாதிக்குச் சற்றுக் குறைவானவர்கள் விவசாயத்தில் இருக்கிறார்கள். அமெரிக்கப் பண்ணைத் தொழிலாளிக்குக் கொடுத்த எண்ணை அவர்கள் மேல் ஒட்டினால் மொத்த சதவீதம் எகிறத்தான் செய்யும். 69 என்பதில் பெரும்பகுதி இந்தியாவின் தொழில் அமைப்பைப் பற்றிய செய்தியே தவிர, வரப்போகும் மெஷின்களைப் பற்றிய செய்தி இல்லை.

தலைகீழான பட்டியல்

2013 பட்டியலில் எழுத்தாளருக்கு 0.038. கிராஃபிக் டிசைனருக்கு 0.082. ரொம்பப் பாதுகாப்பான வேலைகள். படைப்பாற்றல் என்ற அரணுக்குள் இருக்கிறார்கள் அல்லவா!

2022 நவம்பரில் சாட்ஜிபிடி வந்தது. படம் வரைகிற மென்பொருள்கள் அதே வருஷம் வந்திருந்தன. எழுதுவதும் வரைவதும் நிரல் எழுதுவதும்தான் முதலில் ஆட்டம் காணும் என்று பேச்சு மாறியது. சமையல்காரரும் லாரி டிரைவரும் முடிதிருத்துபவரும் பட்டியலில் கீழே போனார்கள். ஆய்வாளர்களே பின்னர் ஒரு மறுபரிசீலனை எழுதி, படைப்புத் தடை எதிர்பார்த்ததைவிடச் சீக்கிரம் தளர்ந்துவிட்டதை ஒப்புக்கொண்டார்கள். அவர்கள் மேல் குறை சொல்ல நான் இதை எழுதவில்லை. 2013இல் யாருக்குத்தான் தெரியும்? ஆனால் 2013 பட்டியலை நம்பி 2014இல் படிப்பைத் தேர்ந்தெடுத்த பிள்ளை, வேலைக்கு வந்து நாலைந்து வருஷத்தில் பட்டியலே மாறுவதைப் பார்த்திருப்பான்.

புதுப் பட்டியல்கள் எப்படிச் செய்யப்படுகின்றன? 2023 மார்ச்சில் ஓப்பன்ஏஐ ஆய்வாளர்களும் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தவரும் சேர்ந்து ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். அமெரிக்கத் தொழிலாளர்களில் சுமார் 80 சதவீதம் பேருக்குக் குறைந்தது பத்தில் ஒரு பங்கு பணி பாதிக்கப்படலாம், சுமார் 19 சதவீதம் பேருக்குப் பாதிப் பணியாவது பாதிக்கப்படலாம் என்றது. அடித்தளம் அதே ஓ-நெட். பணிகளுக்குக் குறி போட்டது யார்? மனிதர்கள் ஒரு பக்கம், ஜிபிடி-4 இன்னொரு பக்கம். இந்தப் பணியை நீ செய்து நேரத்தை மிச்சப்படுத்த முடியுமா என்று மாடலிடமே கேட்டார்கள். குறி போட்ட மனிதர்களுக்கும் அந்தத் தொழில்களில் நேரடிப் பழக்கம் இல்லை என்பதை ஆய்வே தன் குறையாகச் சொல்கிறது.

பத்து வருஷத்தில் இவ்வளவுதான் மாறியிருக்கிறது. முன்பு அறையில் நிபுணர்கள் மட்டும் இருந்தார்கள். இப்போது மெஷினும் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறது. அந்த வேலையைச் செய்கிறவர் அப்போதும் அறையில் இல்லை, இப்போதும் இல்லை.

ரேடியாலஜி தரும் எச்சரிக்கை

ஒரு கணிப்பை அப்படியே நம்பித் திட்டம் போட்டால் என்ன ஆகும் என்பதற்கு ரேடியாலஜி நல்ல உதாரணம். 2016இல் ஜெஃப்ரி ஹின்டன், ஐந்து வருஷத்துக்குள் டீப் லேர்னிங் ரேடியாலஜிஸ்டுகளை மிஞ்சிவிடும் என்பது வெளிப்படை, ஆகவே புதிதாக ரேடியாலஜிஸ்டுகளைப் பயிற்றுவிப்பதை இப்போதே நிறுத்த வேண்டும் என்றார். சாதாரண ஆள் சொன்னதில்லை, அந்தத் துறையின் மூத்தவர்.

அமெரிக்காவில் மருத்துவப் படிப்புக்குப் பிறகு ஒரு ரேடியாலஜிஸ்ட் உருவாக இன்னும் ஐந்து வருஷம் ஆகும். 2016இல் இடங்களை மூடியிருந்தால் அதன் வலி 2021க்குப் பிறகுதான் தெரிந்திருக்கும். தெரிந்த பிறகு திறந்தாலும் அடுத்த ஆள் வர இன்னொரு ஐந்து வருஷம். நல்லவேளையாக யாரும் மூடவில்லை. பிரிட்டனில் ரேடியாலஜிஸ்டுகளின் ராயல் காலேஜ் எடுத்த 2023 கணக்கெடுப்பு, தேவைக்கும் இருப்புக்கும் இடையில் 30 சதவீதப் பற்றாக்குறை என்றது. ஹின்டனும் பிற்பாடு, தான் படத்தைப் படிக்கும் வேலையை மட்டும் மனதில் வைத்துப் பொதுவாகப் பேசிவிட்டதாகச் சொன்னார்.

மெஷின் படம் பார்க்கக் கற்றுக்கொள்ளவில்லையா? கற்றுக்கொண்டது. இன்று பல ஆஸ்பத்திரிகளில் அது உதவிக்கு இருக்கிறது. ஆனால் ஸ்கேன்களின் எண்ணிக்கை கூடிக்கொண்டே போனது. கையெழுத்துப் போட்டுப் பொறுப்பேற்க ஒரு டாக்டர் வேண்டியிருந்தது. மற்ற டாக்டர்களோடு பேசுவதும் ஊசி வைத்துச் சதை எடுப்பதும் அவர் வேலையில் அடக்கம். "முடியும்" என்ற கணிப்பு பாதி பலித்தது. ஆள் தேவை பற்றிய முடிவு தலைகீழாக இருந்தது.

கம்பெனிக்குள் வரும்போது

இப்போது விற்கப்படுகிற ஆள் திட்டமிடல் மென்பொருள்கள் பெரும்பாலும் இரண்டு வேலை செய்கின்றன. பணியாளரின் பயோடேட்டா, பழைய பிராஜெக்ட், எடுத்த பயிற்சி ஆகியவற்றில் இருந்து அவருக்கு என்ன திறமை இருக்கிறது என்று ஊகிக்கின்றன. பிறகு சந்தையில் எந்தத் திறமைக்கு மவுசு கூடுகிறது என்று ஊகித்து, இரண்டுக்கும் இடையில் இடைவெளியைக் காட்டுகின்றன. இரண்டும் ஊகம். திரையில் வருவது ஓர் எண்.

2025 ஜூலையில் டி.சி.எஸ். நிறுவனம் தன் பணியாளர்களில் சுமார் 2 சதவீதம் பேரை, அதாவது 12,000க்கும் மேற்பட்டவர்களை, குறைக்கப் போவதாக அறிவித்தது. பெரும்பாலும் நடுத்தர, மூத்த நிலையில் இருப்பவர்கள். ஏ.ஐ. வந்து வேலையை மிச்சப்படுத்தியதால் இல்லை, திறமைப் பொருத்தம் இல்லாததாலும் பிராஜெக்டில் அமர்த்த முடியாததாலும்தான் என்று தலைமை நிர்வாகி சொன்னார். இதே நிறுவனம் 2021-22 நிதியாண்டில் நிகரமாக ஒரு லட்சத்துக்கும் மேல் ஆள் சேர்த்தது. அப்போது சேர்ந்தவர்கள் பெரும்பாலும் புதியவர்கள், இப்போது பாதிக்கப்படுபவர்கள் வேறு என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். ஆனாலும் சென்னையின் ஓ.எம்.ஆர். சாலையில் வீட்டுக் கடனோடு இருக்கிற நாற்பத்தைந்து வயதுக்காரருக்குத் "திறமைப் பொருத்தம் இல்லை" என்பது இயற்கை விதி போலக் கேட்கும். அது இயற்கை விதி இல்லை. எந்தத் திறமை வேண்டும் என்று ஒருவர் முடிவெடுத்திருக்கிறார், அதைக் கற்றுக்கொடுக்க எத்தனை மாதம் காத்திருக்கலாம் என்பதையும் ஒருவர் முடிவெடுத்திருக்கிறார். முடிவை எடுப்பது மனிதர், பெயர் மட்டும் தரவுக்கு.

ஸ்வீடனின் க்ளார்னா 2024இல் தன் ஏ.ஐ. உதவியாளர் 700 வாடிக்கையாளர் சேவை ஊழியர்களின் வேலையைச் செய்கிறது என்று பெருமையாக அறிவித்தது. அடுத்த வருஷமே, சேவைத் தரம் குறைந்துவிட்டது, மறுபடி மனிதர்களைச் சேர்க்கிறோம் என்று அதன் தலைவர் பேசினார். தனியார் கம்பெனி, ஒரு வருஷத்தில் திருத்திக்கொண்டது. பன்னிரண்டாவது முடித்த ஒரு பெண்ணால் படிப்பு விஷயத்தில் அப்படித் திருத்திக்கொள்ள முடியாது. ஏ.ஐ.சி.டி.இ. 2024-25இல் இருந்து தகுதியுள்ள கல்லூரிகளுக்கு சீட் உச்சவரம்பை எடுத்துவிட்டது. தமிழ்நாட்டுக் கல்லூரிகளில் கம்ப்யூட்டர் சார்ந்த பிரிவுகள் பெருகின. அந்த வருஷம் சேர்ந்தவள் வெளியே வருவது 2028இல். சீட்டைக் கூட்டியவர்கள், கணிப்பு விற்றவர்கள் யாருக்கும் அன்றைக்கு அவளுக்குப் பதில் சொல்லும் கடமை இல்லை. கல்விக் கடன் அவள் பெயரில்தான் இருக்கும்.

எங்கே இது உருப்படியாக வேலை செய்யும்

ஆள் தேவையைக் கணக்குப் போட்டுச் சொல்லவே முடியாதா? முடியும், நூறு வருஷமாகச் செய்கிறோம். கோபன்ஹேகன் டெலிபோன் கம்பெனியில் வேலை பார்த்த அக்னர் எர்லாங் என்ற டேனிஷ் கணிதக்காரர், ஒரு எக்ஸ்சேஞ்சில் இத்தனை அழைப்பு வந்தால் எத்தனை லைன், எத்தனை ஆபரேட்டர் வேண்டும் என்பதற்கு 1909இலும் 1917இலும் கணக்குகளை வெளியிட்டார். இன்றைய கால் சென்டர்கள்கூட அந்தச் சூத்திரத்தின் வாரிசுகளை வைத்துத்தான் அரைமணிக்கு எத்தனை ஆள் என்று முடிவு செய்கின்றன. அதன் மேல் மெஷின் லேர்னிங் சேர்த்தால் இன்னும் நன்றாகவே வரும்.

ஏன் அங்கே மட்டும் ஒத்துவருகிறது? அரைமணிக்கு இத்தனை அழைப்பு என்ற கணிப்பு தப்பானால் சாயங்காலத்துக்குள் தெரிந்துவிடும். அளப்பது நிஜமாக நடந்த அழைப்புகளை, யாருடைய கருத்தையும் இல்லை. தப்பானால் வலிப்பது திட்டம் போட்ட மேனேஜருக்கும்தான், ஏனென்றால் க்யூ நீளும், திட்டு விழும். ஆஸ்பத்திரி நர்ஸ் டியூட்டி, பண்டிகைக் காலப் பஸ் டிரைவர் பட்டியல் எல்லாம் இந்த வகையைச் சேர்ந்தவை.

பத்து வருஷக் கணிப்பில் இதில் ஒன்றுகூட இல்லை. தப்பு தெரிய பத்து வருஷம் ஆகும். அளக்க நிஜம் இன்னும் பிறக்கவில்லை. வலி வேறு யாருக்கோ. இரண்டும் ஒரே ஏ.ஐ. என்ற பெயரில், சில சமயம் ஒரே மென்பொருளின் இரண்டு டேபுகளில் விற்கப்படுவதுதான் குழப்பத்துக்குக் காரணம். முதல் டேப் சரியாகச் சொல்கிறதே என்று இரண்டாவதையும் நம்பிவிடுகிறோம்.

ஃப்ரே, ஆஸ்போர்ன் ஆய்வுக்கு ஒரு மரியாதை பாக்கி இருக்கிறது. 702 தொழில்களையும் வரிசையாக, எந்த எழுபதுக்குக் கையால் குறி போட்டார்கள் என்பதோடு, பின்னிணைப்பில் அச்சிட்டார்கள். அதனால்தான் பத்து வருஷம் கழித்தும் நாம் குறை கண்டுபிடிக்க முடிகிறது. இன்று ஒருவரின் பதவிக்கு எதிரே சிவப்புப் புள்ளி வைக்கும் மென்பொருளில், அந்தப் புள்ளியை யாருடைய எந்தக் கருத்து வைத்தது என்று அவரால் பார்க்க முடியாது.

ஆகவே உங்கள் ஆபீஸிலோ, பிள்ளையின் கல்லூரி விஷயத்திலோ இப்படி ஓர் எண்ணை யாராவது நீட்டினால், மாடல் எவ்வளவு பெரியது என்று கேட்டுப் பிரயோஜனம் இல்லை. முதலில் ஒன்றையும் பூஜ்யத்தையும் போட்டது யார், அவர்களில் இந்த வேலையைச் செய்தவர் ஒருவராவது உண்டா என்று கேளுங்கள். போன தடவை சொன்னது என்ன ஆச்சு என்று கேளுங்கள். பதில் சொல்பவர் தடுமாறினால், அந்த எண்ணை ஒருவரின் அபிப்பிராயமாக எடுத்துக்கொண்டு, மற்ற அபிப்பிராயங்களுக்குக் கொடுக்கிற மதிப்பை மட்டும் அதற்கும் கொடுங்கள்.